ஏழு திரைகளும் ஓர் அடுப்பும்

அன்புள்ள ஆசிரியர் அவர்களுக்கு,

நான் ஒரு நாவல் எழுதிக்கொண்டிருக்கிறேன். மலையடிவாரத்தில் வாழும் ஒரு கற்பனைச் சமூகத்துக்கு, நிறத்தையும் ஒளியையும் அடிப்படையாகக் கொண்ட தத்துவ மரபு ஒன்றை உருவாக்கியிருக்கிறேன். சிவப்பு வீரம், பச்சை பொறுமை, நீலம் அறிவு என்று படிப்படியாக ஏறி வெண்மையில் முக்தி. படித்த நண்பர்கள், "அழகாக இருக்கிறது, ஆனால் இப்படி யாரும் வாழ்ந்திருப்பார்கள் என்று நம்ப முடியவில்லை" என்கிறார்கள். குறை எங்கே இருக்கிறது?

ஒரு வாசகி, ஈரோடு

அன்புள்ள வாசகிக்கு,

உங்கள் நண்பர்கள் சொல்வது சரியென்றே எனக்கும் படுகிறது. நிறங்களுக்குப் பொருள் கொடுத்துவிட்டீர்கள். அந்த நிறங்களை வைத்துக்கொண்டு அந்த மக்கள் அன்றாடம் என்ன செய்கிறார்கள் என்பது நீங்கள் அனுப்பிய பக்கங்களில் இல்லை. நிறமும் ஒளியும் கொண்டு ஒரு மரபு ஒரே மனிதரின் வாழ்நாளுக்குள் உருவாகி நிலைத்ததைப் பார்க்க வேண்டுமானால், நீங்கள் அரைநாள் பயணத்தில் வடலூருக்குப் போய்விடலாம்.

வள்ளலார் என்று நாம் அழைக்கும் இராமலிங்க அடிகள் அங்கே எழுப்பிய எண்கோண வடிவச் சத்திய ஞான சபையில், 1872 சனவரி 25 தைப்பூசத்தன்று முதல் ஜோதி தரிசனம் நடந்தது. ஒளிக்கு முன்னால் ஏழு திரைகள் தொங்குகின்றன. கருப்பு மாயாசக்தி, நீலம் கிரியாசக்தி, பச்சை பராசக்தி, சிவப்பு இச்சாசக்தி, பொன்மை ஞானசக்தி, வெண்மை ஆதிசக்தி, கடைசியாகப் பல நிறம் கலந்த திரை சிற்சக்தி. ஏழு என்றதும் பலர் இதை வானவில்லோடும், இன்று யோக வகுப்புச் சுவர்களில் காணும் சக்கரப் படங்களோடும் சேர்த்துவிடுகிறார்கள். வானவில்லில் கருப்பும் இல்லை, வெண்மையும் இல்லை. சக்கரங்களுக்கு வானவில் வரிசையில் நிறம் பூசுவதும் அண்மைக் காலத்து வழக்கம்தான். பழைய தந்திர நூல் தொப்புள் பகுதிச் சக்கரமான மணிபூரகத்தின் இதழ்களுக்கு மழைமேகத்தின் நிறத்தையும், புருவ நடுவிலுள்ள ஆக்ஞைக்கு நிலவின் வெண்மையையும் சொல்கிறது.

உங்கள் நாவலுக்கு இதில் முக்கியமானது ஒன்று உண்டு. வடலூரில் நிறம் என்பது மறைப்பு. பொன்மையும் வெண்மையும்கூட விலக்கப்பட வேண்டிய துணிகள்தாம். எவ்வளவு உயர்ந்த நிறமானாலும் அதன் முன்னால் நின்றுவிட்டால் ஒளியைக் காண முடியாது. நீங்கள் வெண்மையில் முடிக்கிறீர்கள். அங்கே வெண்மை ஆறாவது திரை. அதற்குப் பின்னாலும் ஒன்று இருக்கிறது, அதுவும் எல்லாம் கலந்தது. அதுவரை ஒவ்வொன்றாகப் பிரித்து அறிந்தவை அனைத்தும் மீண்டும் ஒன்றாகத் திரண்டு கடைசியில் ஒருமுறை வழிமறிக்கின்றன என்று நான் அதை வாசிக்கிறேன். இது என் வாசிப்பு மட்டுமே, மரபில் வந்தவர்கள் வேறு விளக்கம் தரக்கூடும்.

இது வெற்றிடத்திலிருந்து பிறந்ததும் அன்று. உயிரை மறைக்கும் மலமான ஆணவத்தை இருள் என்றும் அருளை ஒளி என்றும் சைவ சித்தாந்தம் நெடுங்காலமாகப் பேசிவந்தது. உயிர் சார்ந்ததன் வண்ணமாகும் என்பதற்கு, அருகில் வைத்த பொருளின் நிறத்தை ஏற்கும் படிகத்தை அது எடுத்துக்காட்டியது. பக்கத்திலேயே தில்லையில், அதாவது சிதம்பரம் கோயிலில், ஒரு திரையும், அதன் பின்னே பொன் வில்வ மாலையும் இருந்தன. அடிகள் அந்த ஒரு திரையை ஏழாக்கி, பின்னே ஒரு சுடரை வைத்தார். உங்கள் மலைமக்களுக்கும் இப்படி ஒரு பழைய வீடு தேவை, அவர்கள் எதிலிருந்து வெளியேறி வந்தார்கள் என்று தெரிய வேண்டும்.

சில ஆண்டுகளுக்கு முன் தைப்பூசத்தன்று காலை ஆறு மணித் தரிசனத்துக்கு நான் அங்கே நின்றேன். மாதப் பூசத்தில் ஆறு திரைகள் மட்டும் விலகும், ஏழும் விலகுவது இந்த நாளில்தான் என்பதால் கூட்டம் நெருக்கியடித்தது. எனக்கு முன்னால் ஒருவர் பெண்குழந்தையைத் தோளில் தூக்கி வைத்திருந்தார். ஒவ்வொரு திரை விலகும்போதும் அந்தக் குழந்தை நிறத்தின் பெயரை உரக்கச் சொன்னது. கடைசித் திரைக்கு மட்டும் அதற்குப் பெயர் தெரியவில்லை, அப்பாவின் முகத்தைக் குனிந்து பார்த்தது. அதற்குள் சுடர் தெரிந்து மறைந்துவிட்டது.

அங்கிருந்து எல்லோரும் போனது, அடிகள் நிறுவிய அன்னதானக் கூடமான தரும சாலைக்கு. இதைத்தான் உங்களிடம் அழுத்திச் சொல்ல விரும்புகிறேன். 1867 மே 23 அன்று மூட்டப்பட்ட அந்தச் சாலையின் அடுப்பு இன்றுவரை அணைக்கப்படாமல் வருகிறது. சபை கட்டப்பட்டது அதற்குப் பிறகுதான். பசித்தவருக்குச் சோறிடும் நெருப்பு ஏறக்குறைய ஐந்து ஆண்டுகள் எரிந்த பின்பே ஜோதி தரிசனம் வந்தது. கொலையும் புலாலும் தவிர்த்தவரே சபைக்குள் புகலாம் என்ற விதியையும் இதனோடு சேர்த்துப் பாருங்கள். உயிரிரக்கம் இல்லாத கண்ணுக்கு ஏழு திரைகளை விலக்கினாலும் தெரிவது ஒரு விளக்கு மட்டுமே என்று அந்த மரபு கருதுகிறது. நிறங்களின் பட்டியலை மட்டும் எடுத்துக்கொண்டு அடுப்பை விட்டுவிட்டால், எஞ்சுவது உங்கள் நாவலில் இப்போது இருப்பதுதான்.

ஆகவே குணங்களின் பட்டியலைச் சிறிது காலம் ஒதுக்கி வையுங்கள். உங்கள் மலையடிவாரத்தில் விளக்கேற்றுகிறவர் யார், அதற்கான எண்ணெயை ஆட்டித் தருகிறவர் யார், அவருக்கு அந்த ஒளியைக் காண உள்ளே இடம் உண்டா என்பதை எழுதிப் பார்த்து, அந்த அத்தியாயத்தை எனக்கு அனுப்புங்கள்.

அன்புடன்