பிள்ளை ஒரு நாட்டில், வழக்கு எந்த நாட்டில்? வாசகர் கேள்விகளும் பதில்களும்

கேள்வி: மூன்று வாரம் லீவுக்கு என்று ரிட்டர்ன் டிக்கெட் போட்டுத்தான் என் மனைவி ஏழு வயது மகனைத் தன் பிறந்த நாட்டுக்குக் கூட்டிப் போனாள். திரும்ப வேண்டிய நாளுக்கு முந்தின ராத்திரி “இனி வரமாட்டோம்” என்று ஒரு வாட்ஸ்அப். எட்டு மாதம் ஆகிவிட்டது. கோர்ட்டுக்குப் போனால் உறவு அடியோடு முறிந்துவிடும், கோபம் தணியட்டும் என்கிறார்கள் எல்லோரும். அவள் எப்படிப்பட்ட அம்மா என்பதற்கு என்னிடம் ஒரு ஃபைல் நிறைய ஆதாரம் இருக்கிறது. பொறுத்திருக்கலாமா?

பதில்: பொறுக்க வேண்டாம், இந்த வாரமே வக்கீலைப் பாருங்கள். இப்படிப் பிள்ளையை வேறு நாட்டில் வைத்துக்கொண்டால் திருப்பி அனுப்ப வைப்பதற்கென்று 1980-ல் எழுதி 1983-ல் நடைமுறைக்கு வந்த ஹேக் ஒப்பந்தம் ஒன்று இருக்கிறது, நூற்றுக்கும் மேற்பட்ட நாடுகள் அதில் சேர்ந்திருக்கின்றன, 16 வயதுக்கு உட்பட்ட பிள்ளைகளுக்குப் பொருந்தும். முதலில் பார்க்க வேண்டியது, உங்கள் நாடு, அவர் இருக்கும் நாடு இரண்டுக்கும் நடுவே அது செல்லுபடியாகிறதா என்பது. இரண்டும் பட்டியலில் இருந்தால் மட்டும் போதாது, பிற்பாடு வந்து சேர்ந்த நாட்டை மற்ற நாடு ஏற்றுக்கொண்டிருக்கவும் வேண்டும்.

அப்புறம் அந்த ஃபைல். அதை ஓரமாக வையுங்கள். அங்கே உள்ள நீதிபதி உங்கள் இருவரில் யார் நல்ல பெற்றோர் என்று பார்க்க உட்காரவில்லை, பிள்ளை வழக்கமாக வாழ்ந்த நாடு எது, அங்கிருந்து உங்கள் சம்மதம் இல்லாமல் பிரித்து வைத்திருக்கிறார்களா, இதைத்தான் பார்ப்பார். ஆம் என்றால் பிள்ளையைத் திருப்பி அனுப்பச் சொல்வார், யாரிடம் வளர வேண்டும் என்பதை உங்கள் நாட்டு நீதிமன்றம் தீர்மானிக்கும். ஆகவே இப்போது வேண்டியது பள்ளி வருகைப் பதிவு, தடுப்பூசி அட்டை, வாடகை ஒப்பந்தம், முக்கியமாக அந்த ரிட்டர்ன் டிக்கெட். போனது லீவுக்குத்தான் என்று அதைவிடத் தெளிவாக எதுவும் சொல்லாது. அந்த டிக்கெட்டில் உள்ள தேதியிலிருந்துதான் ஒரு வருடக் கணக்கும் பெரும்பாலும் ஓடும். வருடத்துக்குள் வழக்கு தொடங்கிவிட்டால், விதிவிலக்கு எதுவும் பொருந்தாதபோது, உடனே திருப்பி அனுப்பியாக வேண்டும். தாண்டிவிட்டால், பிள்ளை இங்கே ஊன்றிவிட்டான், பள்ளி, நண்பர்கள் எல்லாம் அமைந்துவிட்டது என்ற வாதத்துக்குக் கதவு திறந்துவிடும். உங்கள் நாட்டில் இதற்கென்று இருக்கும் மத்திய அமைப்பிடம் விண்ணப்பம் கொடுத்துவிட்டு நிம்மதியாக இருந்துவிடாதீர்கள், அங்கே நீதிமன்றத்தில் மனு ஏறிய நாளைத்தான் பல நாடுகளில் கணக்கில் எடுப்பார்கள். ஆறு வாரத்தில் முடிவு என்பது ஒப்பந்தத்தின் இலக்கு, நடப்பில் இழுக்கும்.

இன்னொன்று, மெசேஜில் நிதானம். சண்டை வேண்டாமே என்று “சரி, இந்த வருஷம் அங்கேயே படிக்கட்டும்” என்று ஒரு வரி தட்டிவிட்டால், நீங்கள் ஒத்துக்கொண்டதற்குச் சாட்சியாக அதே வரி நாளைக்கு நீதிபதி முன்னால் இருக்கும். நேரே போய்ப் பிள்ளையைத் தூக்கி வந்துவிடும் யோசனை இருந்தால் விட்டுவிடுங்கள், அங்கே அது குற்ற வழக்காகலாம்.

கேள்வி: அடி தாங்காமல் மகளைத் தூக்கிக்கொண்டு என் நாட்டுக்கே வந்துவிட்டேன். இப்போது ஹேக் வழக்கு என்று சம்மன் வந்திருக்கிறது. மகளை அவரிடம் ஒப்படைக்கச் சொல்வார்களா?

பதில்: அம்மா, திருப்பி அனுப்பு என்று தீர்ப்பு வந்தாலும் அது அந்த நாட்டுக்கு அனுப்பத்தான், அவர் கையில் கொடுக்க அல்ல. நீங்களும் கூடவே போகலாம். பிள்ளை உரிமை கிடைக்காத அப்பாக்கள் கடத்திப் போவதை மனதில் வைத்து எழுதிய ஒப்பந்தம் இது. இன்று பிள்ளையைக் கொண்டுபோனதாக இந்த வழக்கைச் சந்திப்பவர்களில் பெரும்பாலோர் அம்மாக்கள், அவர்களில் உங்களைப் போல ஓடி வந்தவர்களும் உண்டு. சட்டம் இதற்கு முழுசாக ஈடுகொடுக்கவில்லை என்பது என் எண்ணம்.

ஆனாலும் வழி இருக்கிறது. திரும்பினால் பிள்ளைக்கு உடலுக்கோ மனதுக்கோ கடும் ஆபத்து என்று காட்டினால், நீதிமன்றம் அனுப்ப மறுக்கலாம். “அடித்தார்” என்ற சொல் மட்டும் போதாது. போலீஸ் புகார், டாக்டர் எழுதிய குறிப்பு, காயத்தின் தேதியிட்ட படம், அன்றிரவே தோழிக்கு அனுப்பிய செய்தி, எது இருந்தாலும் எடுங்கள். மகள் கண்ணெதிரே நடந்ததா என்பது மிக முக்கியம், ஏனென்றால் ஆபத்து பிள்ளைக்கு என்று காட்ட வேண்டும். அமெரிக்க உச்ச நீதிமன்றம் 2022-ல் ஒரு தாயின் வழக்கில், கடும் ஆபத்து உறுதியான பிறகு, எப்படியாவது பாதுகாப்பாக அனுப்ப வழி இருக்கிறதா என்று எல்லா ஏற்பாட்டையும் ஆராய்ந்தே ஆகவேண்டும் என்ற கட்டாயம் இல்லை என்றது. மகள் விவரம் தெரிந்த வயது என்றால் அவள் போக மறுப்பதையும் கேட்பார்கள், இத்தனை வயது என்று ஒப்பந்தத்தில் வரம்பு இல்லை.

போகத்தான் வேண்டும் என்று ஆனால், தனி வீடு, செலவுக்குப் பணம், அவர் அருகே வரக்கூடாது என்ற தடை, உங்கள் மேல் கடத்தல் புகார் இருந்தால் அதை வாபஸ் வாங்குவது, இத்தனையையும் விமானம் ஏறுவதற்கு முன்பே அந்த நாட்டு நீதிமன்ற உத்தரவாக வாங்கித் தரச் சொல்லுங்கள். அவருடைய வாய் வாக்குறுதியை நம்பி ஏறாதீர்கள்.

கேள்வி: பிள்ளை இருக்கும் நாடு ஒப்பந்தத்திலேயே இல்லை என்றால்?

பதில்: அந்த நாட்டுச் சட்டப்படிதான் போராட வேண்டும். இந்தியா சேரவில்லை, அங்கே உயர் நீதிமன்றத்தில் ஆட்கொணர்வு மனு போடுவது வழக்கம். வெளிநாட்டு உத்தரவு ஒரு காரணியே, பிள்ளையின் நலனே முதல் என்று அந்நாட்டு உச்ச நீதிமன்றம் 2017-ல் சொன்னது. ஆகவே அங்கே மட்டும், முதல் கேள்வி கேட்டவர் வைத்திருப்பது போன்ற ஃபைலுக்கு வேலை உண்டு.

கேள்வி: பிரிந்துவிட்ட கணவர் மகனை ஒரு மாதம் வெளிநாடு கூட்டிப்போகக் கையெழுத்து கேட்கிறார். போடலாமா?

பதில்: நம்பிக்கை இருந்தால் போடுங்கள், ஆனால் வெறும் கையெழுத்து வேண்டாம். போகும் தேதி, திரும்பும் தேதி, தங்கும் முகவரி, மகனின் வழக்கமான வசிப்பிடம் இதுதான் என்ற ஒரு வரி, இவை அடங்கிய நீதிமன்ற உத்தரவாகவே வாங்குங்கள். முடிந்தால் அதே உத்தரவைப் போகும் நாட்டு நீதிமன்றத்திலும் பதிந்துவிடுங்கள். மகனுக்கு இரட்டைக் குடியுரிமை இருந்தால், உங்களிடம் பத்திரமாக இருக்கும் பாஸ்போர்ட்டை மட்டும் நம்பாதீர்கள். இன்னொரு நாட்டின் தூதரகம் உங்களைக் கேட்காமலே ஒன்று கொடுத்திருக்கக்கூடும், அங்கேயும் எழுதிக் கேளுங்கள்.