ராக் குழுக்கள் ஆப்பிரிக்காவை ஏன் முழுசாகச் சுற்றுவதில்லை?

கேள்வி இதுதான்: ஐரோப்பாவில் முப்பது ஊர் போகிற ராக் குழு, ஆப்பிரிக்கா என்றால் மட்டும் ஜோகன்னஸ்பர்க், கேப் டவுன் என்று இரண்டு ஊரோடு மூட்டை கட்டிவிடுகிறதே, இங்கே ரசிகர்கள் இல்லையா?

இல்லாமல் என்ன. போட்ஸ்வானாவில் கொளுத்துகிற வெயிலில் கறுப்புத் தோல் உடுப்பு மாட்டிக்கொண்டு திரிகிற ஹெவி மெட்டல் ராக் ரசிகர்களின் படங்களை நீங்களே பார்த்திருப்பீர்கள். சிக்கல் ஆளில் இல்லை, சாமானில் இருக்கிறது. நான் தென்னாப்பிரிக்காவின் டர்பனில் துறைமுகத்தை நம்பிப் பிழைக்கிறவன், கஸ்டம்ஸ் க்ளியரிங் வேலை, பதினேழு வருஷமாக. கிட்டார் எனக்கு வாசிக்கத் தெரியாது, ஆனால் அதன் சீரியல் நம்பர் எந்த இடத்தில் பொறித்திருக்கும் என்று தெரியும்.

யூ2 என்கிற அயர்லாந்து ராக் குழுவின் 360 டிகிரி சுற்றை எடுத்துக்கொள்ளுங்கள். 2009 முதல் 2011 வரை, 110 நிகழ்ச்சிகள். மேடைக்கு மேலே நாலு கால் ஊன்றி நின்ற அந்த ராட்சத இரும்புக் கூட்டுக்கு 'நகம்' என்று பெயர். அதில் மூன்று செட் செய்து வைத்திருந்தார்கள். ஒரு ஊரில் பாட்டு நடக்கும்போதே அடுத்த ஊரில் இன்னொன்றை எழுப்பிக்கொண்டிருப்பார்கள், மூன்றாவது லாரிகளில் போய்க்கொண்டிருக்கும். லண்டனிலிருந்து பாரிஸ் 460 கிலோமீட்டர் சொச்சம்தான், ராத்திரி கிளம்பினால் காலையில் இறக்கிவிடலாம், அங்கே இந்தக் கணக்கு ஓடும். இங்கே அதே குழு 2011 பிப்ரவரி 13 அன்று ஜோகன்னஸ்பர்க், 18 அன்று கேப் டவுன் என்று வாசித்துவிட்டுப் போய்விட்டது. இரண்டுக்கும் நடுவே 1,400 கிலோமீட்டர், கிட்டத்தட்ட சென்னையிலிருந்து மும்பை. இத்தனைக்கும் அது ஒரே நாட்டுக்குள், நல்ல ரோட்டில்.

வடக்கே போனால் கதையே வேறு. லிம்போபோ ஆற்றுப் பாலத்தில், ஜிம்பாப்வேக்குள் நுழையும் பைட்பிரிட்ஜ் எல்லையில், லாரிகள் நாள்கணக்கில் வரிசையில் நிற்கும். ஓட்டுநர்கள் வண்டிக்கு அடியிலேயே அடுப்பு மூட்டிச் சமைப்பதை நான் பார்த்திருக்கிறேன். சனிக்கிழமைக்கு டிக்கெட் விற்றுவிட்டு மேடையை அங்கே கொண்டுபோய் நிறுத்த எந்தப் புரமோட்டருக்குத் துணிச்சல் வரும்? சரி, விமானத்தில் போகலாம் என்றால் நைரோபிக்கே நாலு மணி நேரம். சாமானுக்கும் சேர்த்து சரக்கு விமானம் பிடித்தால், டிக்கெட் காசு அதற்கே சரியாகிவிடும்.

அப்புறம் காகிதம். இதை வெளியில் யாரும் பேசுவதில்லை, என் பிழைப்பே இதில்தான். மேடைச் சாமான் வரி கட்டாமல் ஒரு நாட்டுக்குள் வந்து திரும்பிப் போக ஏ.டி.ஏ. கார்னே என்று ஒரு கட்டு இருக்கிறது, சாமானுக்கான பாஸ்போர்ட் என்று வைத்துக்கொள்ளுங்கள். பச்சை அட்டை, ஒரு வருஷம் செல்லும். உள்ளே வர ஒரு வெள்ளைத் தாள், வெளியே போக ஒரு வெள்ளைத் தாள், பின்னால் பட்டியல்: ஆம்ப், மைக் ஸ்டாண்ட், கேபிள் சுருள் என்று வரிக்கு வரி, எடை, விலை, எந்த நாட்டுத் தயாரிப்பு என்பதோடு. தென்னாப்பிரிக்கா இந்த ஏற்பாட்டில் சேர்ந்த நாடு. சேராத நாடுகள் ஆப்பிரிக்காவில் நிறைய. அங்கே ஒவ்வொரு எல்லையிலும் தனியாக ஜாமீன் பணம் கட்டி, தனியாகக் காத்திருந்து, தனியாகத் திரும்ப வாங்க வேண்டும். இதற்கு நடுவில் பழைய கிட்டார் ஒன்றில் பிரேசில் ரோஸ்வுட் பலகை இருந்தால் தீர்ந்தது. அந்த மரம் 1992 முதல் யானைத் தந்தத்துக்குச் சமமான கட்டுப்பாட்டில் இருக்கிறது, அதற்கு வேறு சான்றிதழ் வேண்டும்.

பணக் கணக்கும் உண்டு: டிக்கெட் எங்கள் நாட்டுப் பணமான ராண்டில் விற்கும், குழுவுக்கு டாலரில் கொடுக்க வேண்டும், போதாததற்கு வெளிநாட்டுக் கலைஞர் சம்பளத்தில் அரசாங்கம் 15 சதவீதம் பிடித்துக்கொள்ளும். முன்பு அரசியலும் சேர்ந்திருந்தது. இனவெறி ஆட்சிக்கு எதிரான கலாசாரப் புறக்கணிப்பை மீறி குயீன் குழு 1984இல் இங்கே சன் சிட்டி என்கிற உல்லாச விடுதியில் வாசித்தது, ஊர் திரும்பியதும் அவர்களுடைய பிரிட்டன் இசைக்கலைஞர் சங்கமே அபராதம் போட்டது. ஆட்சி மாறிய பிறகு 1995இல் ரோலிங் ஸ்டோன்ஸ் ஜோகன்னஸ்பர்க்கின் எல்லிஸ் பார்க் மைதானத்தில் வாசித்தார்கள். கதவு திறந்துவிட்டது, ஆனால் இரண்டு ஊருக்கு மட்டும்.

எங்கள் டர்பன் வயிற்றெரிச்சலையும் கேளுங்கள். கப்பலில் வரும் மேடைக் கன்டெய்னர் இறங்குவது எங்கள் துறைமுகத்தில். துறைமுகத்துக்குப் போகிற பேஹெட் ரோட்டில் லாரி வரிசையில் நின்று, சீல் பார்த்து, கையெழுத்து வாங்கி அனுப்புவது நாங்கள். அது என்3 நெடுஞ்சாலையில் வான் ரீனன் கணவாய் ஏறி 570 கிலோமீட்டர் தாண்டி ஜோகன்னஸ்பர்க் போய்விடும். எங்களிடமும் 2010 உலகக் கோப்பைக்குக் கட்டிய மோசஸ் மபீடா மைதானம் இருக்கிறது, கடற்கரைக்குப் பக்கத்திலேயே. மைக்கேல் ஜாக்சனின் கடைசி உலகச் சுற்றில் கடைசி நிகழ்ச்சி எங்கள் கிங்ஸ் பார்க் மைதானத்தில்தான் நடந்தது, 1997 அக்டோபர் 15. ராக் கணக்கில் வராது என்று சண்டைக்கு வராதீர்கள். எங்களுக்குப் பீற்றிக்கொள்ள வேறு என்ன இருக்கிறது?

ஒருமுறை ஒரு குழு, பெயர் வேண்டாம், வாசித்துவிட்டு விமானம் ஏறிப் போய்விட்டது, சாமான் திரும்ப டர்பனுக்கு வந்தது. பட்டியலில் இருக்கிற எல்லாம் வெளியே போயாக வேண்டும், ஒன்று குறைந்தாலும் அதற்கு வரி, அதற்கு மேல் விளக்கக் கடிதம். டர்பனை ஒட்டிய ஃபீனிக்ஸில் இருந்து வரும் என் உதவியாள் தம்பி பெட்டி பெட்டியாகத் திறந்து எண்ணிவிட்டு வந்து, "அண்ணா, 211ஆம் வரி இல்லை" என்றான். டிரம் வாசிக்கிறவர் உட்காரும் ஸ்டூல். ஜோகன்னஸ்பர்க்குக்குப் போன் போட்டு, மைதானத்தில் தேடச் சொல்லி, கப்பலுக்குச் சரக்கு வாங்குவதை நிறுத்தும் நேரம் நெருங்கி, மத்தியானம் வாங்கிவைத்த மட்டன் 'பன்னி சவ்' (ரொட்டியைக் குடைந்து குழம்பு ஊற்றித் தரும் எங்கள் ஊர்ச் சாப்பாடு) பிரிக்காமலே ஆறிப்போய், கடைசியில் சாயங்காலம் தம்பிதான் கண்டுபிடித்தான். எங்கள் கிடங்கு வாசலில் காவல்காரத் தாத்தா அதில்தான் உட்கார்ந்திருந்தார். காலையில் முதல் பெட்டியைத் திறந்தபோது வெளியே எடுத்து வைத்ததாம், நல்ல மெத்தென்று இருந்ததாம். எழுந்திருக்கச் சொன்னால் அவருக்கு ஒரே கோபம்.