சீனப் பேசாப் பட நடிகை ருவான் லிங்யூவைப் பற்றி இன்னும் ஏன் பேசுகிறார்கள்?

1910-இல் ஷாங்காயில் பிறந்தவர். அப்பா சீக்கிரமே இறந்துவிட, அம்மா வீட்டுவேலை செய்து வளர்த்தார். 16 வயதில் மிங்சிங் ஸ்டுடியோவில் சேர்ந்தாலும், 1930-இல் லியான்ஹுவா ஸ்டுடியோவுக்குப் போன பிறகுதான் நட்சத்திரம் ஆனார்.

ஒரே படம் பார்ப்பதென்றால் 1934-இல் வந்த 'ஷென்னு'. பெயருக்குத் 'தேவி' என்றும் பொருள், விலைமகள் என்றும் பொருள். மகனைப் படிக்கவைக்க உடலை விற்கும் தாய். பள்ளி விழாவில் பையன் பாடும்போது இவர் முகம் மலர்வதைப் பாருங்கள். அங்கேயே மற்ற பெற்றோர் கிசுகிசுக்கத் தொடங்குகிறார்கள். வசனமே தேவையில்லை!

அப்புறம் 'புதிய பெண்கள்'. அவதூறுச் செய்தியால் உயிரைவிடும் பெண் வேடம். கொடுமை என்னவென்றால், முன்னாள் துணைவர் வழக்குப் போட்டதும் பத்திரிகைகள் இவரது சொந்த வாழ்க்கையையே கிளறின. 1935 மார்ச் 8, மகளிர் தினத்தன்று, 24 வயதில் தற்கொலை செய்துகொண்டார். 1992-இல் இவர் வேடத்தில் நடித்ததற்காக ஹாங்காங் நடிகை மேகி சியூங் பெர்லின் திரைப்பட விழாவில் சிறந்த நடிகை விருது வாங்கினார்.