ஈ-வே பில் காலாவதி: லாரி பிடிபட்டால் என்ன செய்வது?

ஈரோட்டிலிருந்து ஹைதராபாத் போன ஜவுளி லாரி வழியில் பழுதாகி, அதற்குள் ஈ-வே பில் (சரக்கோடு போக வேண்டிய ஜிஎஸ்டி மின்னணு ஆவணம்) காலாவதியாகி, இப்போது வரியில் 200 சதவீத அபராதம் கேட்கிறார்கள் என்று எழுதியிருக்கிறீர்கள். மனம் தளராதீர்கள் நண்பரே, உங்கள் பக்கம் நியாயம் இருக்கிறது.

முதலில் தேதிகளைப் பாருங்கள். ஜிஎஸ்டி சட்டம் பிரிவு 129-இன்படி சரக்கைப் பிடித்த 7 நாளுக்குள் நோட்டீஸ் தர வேண்டும். நோட்டீஸ் கைக்கு வந்த 7 நாளுக்குள் அபராத உத்தரவு. இது தவறியிருந்தால், உயர் நீதிமன்றத்தில் நேரடியாகப் போடும் ரிட் மனுவில் அதுவே வலுவான வாதம்.

நோட்டீஸுக்கு எழுத்தில் பதில் கொடுங்கள். மெக்கானிக் பில், டிரைவர் போனில் எடுத்த படம், சுங்கச்சாவடி ரசீது எல்லாம் இணைக்க வேண்டும். இதுதான் உங்கள் உயிர்நாடி. சத்யம் சிவம் பேப்பர்ஸ் வழக்கும் இதே தெலங்கானாவில் நடந்ததுதான். போக்குவரத்து முடக்கத்தால் ஈ-வே பில் காலாவதியானது; அதை மட்டும் வைத்து வரி ஏய்ப்பு நோக்கம் என்று சொல்ல முடியாது என்றது உயர் நீதிமன்றம். 2022 ஜனவரியில் உச்ச நீதிமன்றமும் அதை ஏற்று, 10,000 ரூபாய் செலவுத்தொகையோடு இன்னும் 59,000 சேர்த்து வரித் துறையைக் கட்டச் சொன்னது.

சரக்கு அவசரமென்றால் வங்கி உத்தரவாதம் கொடுத்து விடுவித்துக்கொள்ளலாம். பணமாகக் கட்டினால் "ஆட்சேபத்துடன்" என்று எழுதி, உத்தரவை எழுத்தில் கேட்டு வாங்குங்கள். அது இல்லாமல் மேல்முறையீடு சிக்கலாகும். மேல்முறையீட்டுக்கு 3 மாதம் அவகாசம். அபராதத்தில் 10 சதவீதம் முன்பணம்.

நோட்டீஸ் தேதியை இங்கே போடுங்கள், பார்க்கிறேன்.