தெப்ர லிபானோஸ்: மூன்று எண்கள் – கடிதம்

அன்புள்ள ஆசிரியருக்கு,

எத்தியோப்பியாவில் இத்தாலியர் செய்த படுகொலைகள் பற்றிய உங்கள் குறிப்பில் தெப்ர லிபானோஸ் மடம் ஒரே வரியில் வந்துபோகிறது. மேலே தேடினால் குழப்பம்தான் மிஞ்சுகிறது. ஓரிடத்தில் கொல்லப்பட்டவர்கள் 297 பேர், இன்னோரிடத்தில் 449, வேறிடத்தில் இரண்டாயிரம். அடிஸ் அபாபா படுகொலையின் ஆண்டை ஒருவர் 1929 என்கிறார், மற்றவர் 1937 என்கிறார். எதை எடுத்துக்கொள்வது? இத்தாலிய வைஸ்ராய் மீது குண்டு வீசியதற்குப் பழிவாங்கியதுதானா இது? கத்தோலிக்க நாட்டின் படை கிறிஸ்தவத் துறவிகளை வரிசையில் வைத்துச் சுட்டது எப்படி?

ம., பாளையங்கோட்டை

அன்புள்ள ம.,

ஆண்டு விஷயத்தை முதலில் முடித்துவிடலாம். எத்தியோப்பிய நாட்காட்டி நம் ஆங்கில நாட்காட்டிக்கு ஏழெட்டு ஆண்டு பின்னால் நடப்பது. அங்கே புத்தாண்டு செப்டம்பரில் பிறக்கிறது. செப்டம்பர் முதல் டிசம்பர் வரை ஏழு ஆண்டு வித்தியாசம், ஜனவரிக்குப் பின் எட்டு. அடிஸ் அபாபா படுகொலை அவர்கள் கணக்கில் 1929 யெக்காத்தித் 12, நம் கணக்கில் 1937 பிப்ரவரி 19. அம்ஹாரிக் மூலத்தைப் பார்த்து எழுதுபவர் எட்டைக் கூட்ட மறந்தால் முசோலினி படையெடுப்பதற்கு ஆறு ஆண்டு முன்பே படுகொலை நடந்துவிடும்! பெயரிலும் இதே வழுக்கல் உண்டு. அங்கே குடும்பப்பெயர் கிடையாது. வைஸ்ராய் மீது குண்டு வீசியவர்களில் ஒருவரான அப்ரஹா தெபோச் என்றால் தெபோச்சின் மகன் அப்ரஹா. தலைப்பெழுத்து போட்டுப் பழகிய நமக்கு இது உடனே புரியும். ஐரோப்பிய அட்டவணைகளில் மனிதர் அப்பா பெயரில் போய் உட்கார்ந்திருப்பார்.

இனி எண்கள். நீங்கள் சொன்ன மூன்றுமே ஆதாரமுள்ளவைதான், எண்ணியது மட்டும் வேறு வேறு.

1937 மே மாதம் ஜெனரல் பியத்ரோ மலெத்தியின் படை அடிஸ் அபாபாவுக்கு வடக்கே நூறு கிலோமீட்டர் அளவில் இருக்கும் மடத்தைச் சூழ்ந்தது. 13ஆம் நூற்றாண்டில் புனிதர் தெக்லே ஹைமானோத் நிறுவிய மடம் அது. மே 20 அவருடைய திருவிழா, சுற்றுவட்டாரத்திலிருந்து யாத்திரிகர்கள் வந்து சேரும் நேரம். மே 19 அன்று வைஸ்ராய் கிராத்சியானி மலெத்திக்குத் தந்தி அடிக்கிறார்: மடத்தின் குற்றம் உறுதியாகிவிட்டது, துணைத் தலைவர் உட்பட எல்லாத் துறவிகளையும் சுட்டுவிடுக. மடத்தின் தலைவரான எச்சகே அப்போது எருசலேமில் அகதி. கைக்கு எட்டியவர்களில் பெரியவர் துணைத் தலைவர்தான்.

மே 21, வெள்ளிக்கிழமை. அன்று ரோமுக்குப் போன தந்தி, சரியாகப் பகல் ஒரு மணிக்கு 297 துறவிகளும், உடந்தை என்று சந்தேகிக்கப்பட்ட பொதுமக்கள் 23 பேரும் சுடப்பட்டதாகச் சொல்கிறது. மடம் நிரந்தரமாக மூடப்பட்டது என்றும் அதில் இருக்கிறது. இளம் திருத்தொண்டர்களும் (குருவுக்கு அடுத்த படியிலுள்ள டீக்கன்கள்) ஆசிரியர்களும் விட்டுவைக்கப்பட்டதாகவும் அதே தந்தி சொல்கிறது. மூன்று நாளில் மனம் மாறியது. திருத்தொண்டர்களையும் சுட உத்தரவு போனது, 129 பேர் சுடப்பட்டார்கள். 297, 23, 129: கூட்டிப் பாருங்கள், 449 வருகிறது. மடத்தில் படித்துக்கொண்டிருந்த சிறுவர்கள் 30 பேரை மட்டும் வீட்டுக்கு அனுப்பினார்கள். ஆக 297 என்று எழுதுபவர் முதல் தந்தியோடு நின்றுவிட்டவர். அதிலேயே இருக்கும் 23 பேரையும் விட்டுவிட்டவர்.

இரண்டாயிரம் வேறு வழியில் வந்தது. 1990களில் ஒரு பிரித்தானிய ஆய்வாளரும் ஒரு எத்தியோப்பிய ஆய்வாளரும் நேரில் போனார்கள். கொலைக்களங்களைத் தேடிப் பிடித்தார்கள், உயிரோடிருந்த சாட்சிகளிடம் கேட்டார்கள். அவர்கள் தரும் கணக்கு 1,423 முதல் 2,033 வரை. தந்திகளுக்கும் இதற்கும் நடுவில் இத்தனை பள்ளம் எப்படி வந்தது? கிராத்சியானி ரோமுக்குக் கணக்குக் காட்ட வேண்டியிருந்தது மடத்துக்கு மட்டும்தான். விழாவுக்கு வந்து மாட்டிக்கொண்டவர்களுக்கு அந்தப் பட்டியலில் இடமில்லை. கொன்றவனே எழுதி வைத்த எண்ணைக் குறைந்தபட்ச எல்லையாக மட்டும் கொள்ளலாம் என்பது என் கட்சி. 449க்குக் கீழே யாரும் பேரம் பேச முடியாது.

பழிவாங்கலா என்று கேட்டீர்கள். பிப்ரவரி 19 அன்று அடிஸ் அபாபாவில் நடந்தது வேறு வகை. இத்தாலிய அரச குடும்பத்தில் நேப்பிள்ஸ் இளவரசர் பிறந்ததைக் கொண்டாட அரண்மனை வளாகத்தில் ஏழைகளுக்குத் தானம் கொடுத்துக்கொண்டிருந்தார்கள். பக்கத்து இத்தாலியக் காலனியான எரித்திரியாவைச் சேர்ந்த அப்ரஹா தெபோச்சும் மோகஸ் அஸ்கெதோமும் அங்கே கையெறி குண்டுகளை வீசினார்கள். கிராத்சியானிக்குப் பலத்த காயம். அன்றே பாசிஸ்ட் கட்சிச் செயலர் குய்தோ கோர்தேசே கருஞ்சட்டைப் படைக்கு மூன்று நாள் முழுச் சுதந்திரம் கொடுத்தார். (நம் ஊர்க் கருஞ்சட்டை வேறு, இது முசோலினியுடையது.) கத்தி, தடி, மண்வெட்டி, பெட்ரோல். கூரைக் குடிசைகளை ஆட்களோடு கொளுத்தினார்கள். புனித ஜார்ஜ் பேராலயத்துக்கும் தீ வைத்தார்கள். எத்தியோப்பிய அரசு சொன்ன எண்ணிக்கை 30,000, பிற்கால ஆய்வு சுமார் 19,000 என்கிறது. அதைக் கட்டவிழ்த்துவிட்ட வெறி எனலாம். மடத்தில் நடந்தது அப்படியல்ல, மூன்று மாதம் கழித்து, தந்தி, விசாரணை அறிக்கை, லாரி எல்லாம் ஏற்பாடு செய்துகொண்டு நடத்தியது. காட்டிய ஆதாரத்தின் சாரம், அப்ரஹா தன் மனைவியை அந்த மடத்தில் விட்டுவைத்திருந்தார் என்பது. அதை வைத்து ஒரு துறவியைக்கூடக் குற்றவாளியாக்க முடியாது.

உத்தரவு ஆதாரத்துக்கு முந்தியது என்பதைத் தேதிகளே காட்டுகின்றன. 1936 ஜூலை 8: கிளர்ச்சியாளர்களையும் அவர்களுக்கு உடந்தையான மக்களையும் திட்டமிட்டுப் பயங்கரத்தாலும் அழிப்பாலும் ஒடுக்க முசோலினி அனுமதி தருகிறார், ஒன்றுக்குப் பத்து என்ற கணக்கில். ஜூலை 29: ஆயர் அபுனா பெத்ரோஸ் அடிஸ் அபாபாவில் சுட்டுக் கொல்லப்படுகிறார். எத்தியோப்பியர்களிலிருந்து முதன்முதலாக 1929இல் ஆயர்களாக்கப்பட்டவர்களில் ஒருவர் அவர் (இது நம் நாட்காட்டி 1929!). அவரோடு ஆயரான அபுனா மிக்காயேலையும் அந்த ஆண்டு முடிவதற்குள் கொன்றார்கள். குண்டுவீச்சுக்கு மறுநாளே முசோலினியின் தந்தி, சந்தேகத்துக்குரிய பொதுமக்களையும் மதகுருக்களையும் தாமதமின்றிச் சுடச் சொல்கிறது. மார்ச் மாதத்திலோ குறிசொல்பவர்கள், ஊர் ஊராகப் பாடித் திரிபவர்கள், தனித்துறவிகள் என்று 70 பேரைப் பிடித்துக் கொன்றதாகக் கிராத்சியானி ரோமுக்கு எழுதுகிறார். ‘இத்தாலிய ஆட்சி நிலைக்காது’ என்ற பேச்சு ஊர்களுக்குப் போய்ச் சேரும் வாய்களைத் தேடித் தேடி அடைத்தார்கள். பெரிய மடம் அந்த வாய்களில் மிகப் பெரியது. குண்டு விழாமலிருந்தால் வேறொரு சாக்கு கிடைத்திருக்கும் என்றுதான் எனக்குத் தோன்றுகிறது.

கிறிஸ்தவரைக் கிறிஸ்தவர் எப்படி என்ற கேள்வி இத்தாலியத் தளபதிகளுக்கும் நடைமுறைச் சிக்கலாகவே வந்தது. அவர்களுடைய எரித்திரியச் சிப்பாய்களில் பலர் அதே ஆர்த்தடாக்ஸ் சபையைச் சேர்ந்தவர்கள். தங்கள் புனிதர் மடத்துத் துறவிகளை அவர்கள் சுடுவார்கள் என்று நம்ப முடியாது. ஆகவே இந்த வேலைக்கு 45ஆவது முஸ்லிம் காலனிப் படைப்பிரிவு. இதைப் படித்துவிட்டு ‘முஸ்லிம்கள் கிறிஸ்தவர்களைக் கொன்றார்கள்’ என்று எழுதுகிறவர்கள் இருக்கிறார்கள். ஆளைத் தேர்ந்தவர், உத்தரவிட்டவர், அறிக்கை அனுப்பியவர் எல்லோரும் இத்தாலியர்கள். ரோமுக்குக் கட்டுப்படாத, அன்று எகிப்தின் அலெக்சாந்திரியாவைத் தலைமையாகக் கொண்டிருந்த சபை என்பதால் இத்தாலியத் திருச்சபையிலும் பெரிய கலக்கம் எழவில்லை. மிலான் பேராயர் ஷூஸ்தர் 1935 அக்டோபரிலேயே பேராலயத்தில் நின்று படையெடுப்பை வாழ்த்தியவர். நம் பக்கத்தில் கேரளத்தின் மலங்கரை ஆர்த்தடாக்ஸ் சபைதான் எத்தியோப்பிய சபைக்கு உறவு. அங்கே விசாரித்தால் அபுனாக்கள் எனப்படும் அந்த ஆயர்கள் பற்றி மேலும் படிக்கக் கிடைக்கலாம்.

பின்கதை சுருக்கம். மலெத்தி 1940 டிசம்பர் 9 அன்று எகிப்தின் நிபைவா முகாமில் செத்தார். முகாமைத் தாக்கியது நான்காவது இந்திய டிவிஷன். போர்க்குற்ற ஆணையத்திடம் எத்தியோப்பியா பத்துப் பேர் பட்டியலைக் கொடுத்தது, ஒருவர்மீதும் வழக்கு நடக்கவில்லை. கிராத்சியானிக்கு 1950இல் 19 ஆண்டு தண்டனை கிடைத்தது நாஜிகளோடு ஒத்துழைத்ததற்காக. அதிலும் சில மாதங்களில் வெளியே வந்துவிட்டார். 2012இல் அஃபிலே என்ற ஊரில் அவருக்கு நினைவிடம் கட்டினார்கள், பொதுப்பணத்தில்.

உங்கள் கடிதத்தால் என் குறிப்பைத் திரும்பப் பார்த்தேன். ‘மடத்தில் சுடப்பட்டனர்’ என்று எழுதியிருக்கிறேன். அது பிழை. மே 21 அன்று அவர்களை லாரிகளில் ஏற்றி லாகா வெல்தே என்ற ஒதுக்குப்புறப் பள்ளத்தாக்குக்குக் கொண்டுபோனார்கள். வரிசையாக உட்காரவைத்து, தலைக்குமேல் நீளக் கித்தானைப் போர்த்தி, இயந்திரத் துப்பாக்கியால் சுட்டார்கள். திருத்தொண்டர்களின் இடம் வேறு, தெப்ர பெர்ஹான் அருகே எங்கெச்சா. இரண்டு ஊர்ப் பெயரையும் சேர்த்துத் திருத்திவிட்டேன்.