வாசகர் கேள்வி: மாடர்ன் தியேட்டர்ஸ் படத்தில் ஓர் அமெரிக்க நடிகை

கேள்வி: சேலம் மாடர்ன் தியேட்டர்ஸ் படமொன்றில் அமெரிக்க நடிகை ஒருவர் இந்திய இளவரசியாக நடித்ததாக எங்கள் அப்பத்தா சொல்வார்கள். அவர் யார்?
– வாசகி, காரைக்குடி

பதில்: அவர் மேரி வின்ட்சர், யூட்டா மாநிலத்தில் 1919-இல் பிறந்தவர். மாடர்ன் தியேட்டர்ஸ் அமெரிக்க நிறுவனத்துடன் இணைந்து தயாரித்த அந்தப் படம், 'தி ஜங்கிள்', 1952-இல் வெளிவந்தது. நம் யானைகளுக்கு ரோமம் போர்த்திப் பனியுகக் கம்பளி யானைகளாகக் காட்டியதைத் தவிர அதில் வியக்க அதிகமில்லை என்பது என் கருத்து. அவருடைய உண்மையான திறமையை, அதே ஆண்டின் 'தி நேரோ மார்ஜின்' படத்திலும், ஸ்டான்லி குப்ரிக் இயக்கிய 'தி கில்லிங்' (1956) படத்தில் கணவனின் கொள்ளைத் திட்டத்தைக் காதலனிடம் காட்டிக்கொடுக்கும் மனைவியாகவும் காணலாம். சிறு முதலீட்டுப் படங்களிலேயே பெரிதும் நடித்ததால் 'பி படங்களின் ராணி' எனப்பட்ட அவர், 2000-இல் காலமானார்.