மகளின் விடையில் விடுபட்ட −1

கேள்வி: மகள் இந்த வருடம்தான் உயர்தரத்தில் இணைந்த கணிதம் தொடங்கியிருக்கிறாள். (2, 3), (க, −1) ஆகிய புள்ளிகளுக்கு இடையிலான தூரம் 5 அலகு எனில் க இன் பெறுமானம் என்ன என்ற கணக்குக்கு 5 என்று எழுதினாள். போட்டுப் பார்த்தால் தூரம் சரியாகத்தான் வருகிறது. ஆனாலும் பாதிப் புள்ளிதான் கிடைத்தது. நான் சாதாரண தரத்தோடு கணிதத்தை விட்டவள். எங்கே பிழை?
— ஒரு தாய், உப்புவெளி

பதில்: நீங்கள் அடிக்கடி பார்க்கும் காட்சி ஒன்றிலிருந்தே தொடங்கலாம். திருகோணமலை டச்சு பே கடற்கரையை ஒரு நேர்கோடாக நினைத்துக்கொள்ளுங்கள். (அது வளைந்த கரைதான், கணக்குக்காக நிமிர்த்திவிடுவோம்.) கரையிலிருந்து நேரே 12 மீற்றர் தள்ளி ஒரு வள்ளம் நிற்கிறது. கையில் 13 மீற்றர் கயிறு. கயிறு விறைப்பாக நிற்கும்படி கரையில் கட்டை அடிக்க வேண்டும். வள்ளத்துக்கு நேரெதிரே அடித்தால் கயிறு தொய்யும். கோட்டைப் பக்கமாக 5 மீற்றர் நடந்து அடித்தால் சரியாக வரும். எதிர்ப்பக்கம் 5 மீற்றர் நடந்தாலும் அதேதான். 5, 12, 13 என்று செங்கோண முக்கோணி ஒன்று இந்தப் பக்கம், இன்னொன்று அந்தப் பக்கம்.

மகள் ஒரு கட்டையை மட்டும் அடித்துவிட்டு வீட்டுக்கு வந்துவிட்டாள்.

இனி அவளுடைய கணக்குக்கு வருவோம். தூரத்தின் வர்க்கம் என்பது இரு புள்ளிகளின் கிடை வித்தியாசத்தின் வர்க்கமும் நிலை வித்தியாசத்தின் வர்க்கமும் சேர்ந்தது. பைதகரசின் தேற்றமேதான், வேறு ஒன்றுமில்லை. நிலை வித்தியாசம் 3 − (−1) = 4. இதை 2 என்று எழுதும் பிள்ளைகளை வருடா வருடம் பார்க்கிறேன். மறைக் குறியைக் கண்டதும் கை தானாகக் கழித்துவிடுகிறது. உங்கள் மகள் இந்த இடத்தைச் சரியாகத் தாண்டியிருக்கிறாள்.

(க − 2)² + 4² = 5²
(க − 2)² = 25 − 16 = 9

இங்கேதான் வழுக்குகிறது. வர்க்கித்தால் 9 வரும் எண்கள் இரண்டு: 3, −3. ஆகவே க − 2 = 3 அல்லது க − 2 = −3. முதலாவது க = 5 தருகிறது, இரண்டாவது க = −1. (−1, −1) ஐயும் போட்டுப் பாருங்கள்: கிடையில் 3, நிலையில் 4, தூரம் 5.

அடைப்பை விரித்து க² − 4க − 5 = 0 என்று கொண்டுபோய்க் காரணிப்படுத்தினாலும் இதே இரண்டு விடைதான். ஆனால் விரிக்காமல் விடுவதே எனக்குப் பிடிக்கும். பிழைவிட இடம் குறைவு, இரண்டு விடையும் 2 இலிருந்து சம தூரத்தில் இருப்பதும் கண்ணில் படும்.

சரி, எப்போதும் இரண்டா? திரும்பவும் வள்ளத்திடம் போவோம். கயிறு 12 மீற்றர் என்றால் நேரெதிரே ஒரே ஓர் இடம். 10 மீற்றர் என்றால் கரையை எட்டவே எட்டாது. கணக்கில் வர்க்கம் −44 க்குச் சமன் என்று வந்து நிற்கும். அப்படி வந்தால் மெய்யெண் விடை இல்லை என்று எழுத வேண்டும், குறியை மாற்றி ஒப்பேற்றக் கூடாது. க > 0 என்று வினாவிலேயே இருந்தால் இரண்டையும் கண்டுபிடித்த பிறகு மறைப் பெறுமானத்தை நீக்கலாம்.

அடுத்து மகளைக் குழப்பக்கூடிய வினா ஒன்று இருக்கிறது. (க, 0) என்ற புள்ளி (1, 4), (7, 2) இரண்டிலிருந்தும் சம தூரத்தில் இருந்தால் க என்ன? (க − 1)² + 16 = (க − 7)² + 4. விரித்தால் இரு பக்கமும் க² அடிபட்டுப் போகும்; 12க = 36, க = 3. இங்கே தூரம் எவ்வளவு என்று தரவில்லை, இரண்டும் சமன் என்று மட்டும்தான் தந்திருக்கிறார்கள். ஒரு புள்ளியிலிருந்து தூரம் தந்தால் பொருந்தும் புள்ளிகள் எல்லாம் ஒரு வட்டத்தில் இருக்கும்; இரண்டிலிருந்தும் சம தூரம் என்றால் வட்டத்துக்குப் பதில் ஒரு நேர்கோடு, அது கிடை அச்சை ஒரே இடத்தில் வெட்டுகிறது. இதற்கு இரண்டாவது விடை தேடி நேரத்தை வீணாக்க வேண்டாம் என்று சொல்லுங்கள்.

இன்றிரவே ஒரு வரைபுத்தாளில் (2, 3) ஐக் குறித்து, கவராயத்தில் 5 அலகு எடுத்து வட்டம் போடச் சொல்லுங்கள். −1 மட்டத்தில் கிடைக்கோடு ஒன்றும் கீறட்டும். விடுபட்ட கட்டையை அவளே கண்டுபிடித்துவிடுவாள்.